வாசலில் சொன்ன பதில்

எனக்குத் தெரிந்து அந்த அம்மாள் ஒரே ஒரு பொய்தான் சொன்னார். அதையும் என் தம்பிக்காகச் சொன்னார்.

லாலாபேட்டில் நாங்கள் இருந்த காம்பவுண்டில் வரிசையாக நான்கு வீடுகள். எல்லாவற்றுக்கும் ஆஸ்பெஸ்டாஸ் கூரை. முதல் வீட்டில் வீட்டுக்காரர் குடும்பம், தெலுங்குக்காரர்கள். கடைசி வீட்டில் அந்த அம்மாள் தனியாக இருந்தார். அவருக்குப் பக்கத்து வீடு எங்களுடையது. அப்பா ஜோலார்பேட்டையிலிருந்து ரயில்வே பட்டறை வேலைக்கு வந்தவர். நான் பாலாநகரில் ஒரு அரசாங்கத் தொழிற்சாலையில் டெஸ்டிங் பிரிவில் இருந்தேன். தம்பி சேகருக்கு நாச்சாரத்தில், பம்பு செய்யும் ஒரு தனியார் கம்பெனியில் லேத் வேலை.

அந்த அம்மாள் செகந்திராபாதில் ஒரு மகளிர் கல்லூரியில் தத்துவம் எடுத்தார். திருச்சிப் பக்கம். நாற்பதை நெருங்கும் வயது, ஒல்லி, எப்போதும் கஞ்சி போட்ட பருத்திப் புடவை. வேறு பாடம் கிடைக்காத பெண்கள்தான் தத்துவத்துக்கு வருவார்கள் என்று அவரே சொல்வார். "போன வருஷம் ஒன்பது பேர். இந்த வருஷம் ஆறு. அதுல ரெண்டு பேருக்குக் கல்யாணம் நிச்சயமாயிடுச்சு" என்பார். வருத்தமாகச் சொல்வதாகத் தெரியாது. மழை பெய்கிறது என்பது போலச் சொல்வார்.

காம்பவுண்டில் எல்லோரும் அவரிடம் கொஞ்சம் பயந்தார்கள். அவர் கடிந்து பேசியதே இல்லை. கேட்டதற்கு உண்மையைச் சொல்லிவிடுவார், அதுதான் பயம்.

ஒரு முறை இன்ஷூரன்ஸ் ஏஜெண்ட் ஒருவர் விடாமல் வீட்டுக்கு வந்துகொண்டிருந்தார். அவர் தெருமுனையில் திரும்புவதைப் பார்த்ததும் அம்மா உள்ளே ஓடிக் கதவைச் சாத்திக்கொண்டு, வெளியே துணி உலர்த்திக்கொண்டிருந்தவரிடம், "டீச்சரம்மா, நாங்க ஊர்ல இல்லன்னு சொல்லிடும்மா" என்றாள்.

ஏஜெண்ட் வந்து கேட்டார். டீச்சரம்மா கையிலிருந்த துணியை உதறிக் கொடியில் போட்டுவிட்டுச் சொன்னார்: "உள்ளதான் இருக்காங்க. உங்களைப் பாக்க இஷ்டமில்ல. ஊர்ல இல்லன்னு சொல்லச் சொன்னாங்க."

அதற்குப் பிறகு அந்த ஏஜெண்ட் வரவில்லை. அம்மா ஒரு வாரம் டீச்சரம்மாவோடு பேசவில்லை.

வீட்டுக்காரரின் பெண்ணைப் பார்க்க வரங்கல்லிலிருந்து வந்தவர்கள், கல்லூரி ஆசிரியை என்பதால் இவரைத் தனியாகக் கூப்பிட்டு, பெண் பி.ஏ. தேறிவிட்டாளா என்று கேட்டார்கள். ஒரு தாளில் தவறியிருந்தாள். "அதை நான் சொல்ல மாட்டேன். அவங்க அப்பாவைக் கேளுங்க" என்றார். வந்தவர்களுக்கு அதிலேயே விஷயம் புரிந்துவிட்டது. வீட்டுக்காரர் அவரைக் காலி செய்யச் சொல்வார் என்று எல்லோரும் நினைத்தோம். ஏனோ சொல்லவில்லை. ஒருவேளை, வாடகைக்கு இருப்பவர் பொய் சொல்ல மாட்டார் என்பது வீட்டுக்காரருக்கு வசதியாகவும் இருந்திருக்கலாம்.

டீச்சரம்மாவின் கல்யாணமும் அப்படித்தான் நின்றது. மாப்பிள்ளை வீட்டார் ஏதாவது சீக்கு உண்டா என்று பேச்சுக்குக் கேட்டிருக்கிறார்கள். பன்னிரண்டு வயதில் இரண்டு முறை வலிப்பு வந்ததைச் சொல்லிவிட்டார். அவருடைய அப்பா அன்று முதல் அவரோடு சரியாகப் பேசவில்லையாம். இதை எங்கள் அம்மாவிடம் அரிசி களைந்துகொண்டே சொன்னார்.

"எதுக்கும்மா இவ்வளவு பிடிவாதம்?" என்று அம்மா கேட்டாள்.

"பிடிவாதம் இல்லம்மா. நான் ஒரு பொய் சொன்னா, எல்லாரும் சொல்லலாம்னு ஆயிடும். எல்லாரும் சொன்னா யார் பேச்சையும் யாரும் நம்ப முடியாது. அப்புறம் பொய் சொல்லியும் பிரயோஜனம் இல்ல பாருங்க."

இது அவருடைய சொந்த யோசனை அல்ல. இருநூறு வருஷத்துக்கு முன்னால் ஒரு ஜெர்மன்காரர் சொன்னது. தான் பிறந்த ஊரை விட்டு அந்த மனிதர் வெளியே போனதே இல்லையாம். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. தினமும் ஒரே நேரத்தில் நடக்கப் போவாராம். அவரைப் பற்றிச் சொல்லும்போது இவர் முகத்தில் ஒரு வெட்கம் வரும். 'ஜெர்மன்காரர்' என்றுதான் சொல்வார், பேர் சொன்னால் நாங்கள் மறந்துவிடுவோம் என்பதால். அதே மாதிரி கிரேக்கத்தில் ஒருவர் இருந்தார், 'விஷம் குடிச்சவர்'. கேள்வி கேட்டே ஊரைப் பகைத்துக்கொண்டவர். ஹாலந்தில் ஒருவர், 'கண்ணாடி தேய்ச்சவர்'. சொந்த ஜனமே ஒதுக்கிவைத்த பிறகு, மூக்குக்கண்ணாடிக்கும் பூதக்கண்ணாடிக்கும் வில்லை தேய்த்துப் பிழைத்து, மீதி நேரத்தில் கடவுளைப் பற்றி எழுதியவர். கண்ணாடித் தூசு நெஞ்சில் இறங்கிச் சின்ன வயதிலேயே செத்துப்போனார் என்று அவர் சொன்னபோது அம்மா, "இவங்க அப்பா மாதிரியே" என்றாள். அப்பாவுக்கு அப்போது பட்டறைத் தூசியால் இருமல் முற்றியிருந்தது.

"இவங்கல்லாம் உனக்கு சொந்தமாம்மா?" என்று அம்மா ஒருநாள் நிஜமாகவே கேட்டாள். அவர் சிரித்துவிட்டு, "அப்படித்தான் வச்சுக்கங்களேன்" என்றார்.

அப்பா படுக்கையில் விழுந்த பிறகு வருகிறவர்கள் எல்லோரும், "ஒண்ணும் ஆகாது, எழுந்து நடமாடுவீங்க" என்று சொல்லிவிட்டுப் போவார்கள். நாங்களும் அதையே சொன்னோம். ஒரு சாயங்காலம் டீச்சரம்மா கஞ்சியோடு வந்தபோது அப்பா அவர் கையைப் பிடித்துக்கொண்டு, "நான் பொழைப்பனாம்மா?" என்று கேட்டார்.

நான் அவரைப் பார்த்துக் கண்ணைக் காட்டினேன். அவர் என்னைப் பார்த்தார், பிறகு அப்பாவைப் பார்த்தார்.

"டாக்டர் இல்லன்னுதான் சொல்றார்."

அப்பா அவர் கையை விட்டார். பிறகு சேகரைக் கூப்பிடச் சொன்னார். ரயில்வேயில் அப்பா பார்த்து வைத்திருந்த வேலைக்குப் போகாமல் நாச்சாரத்தில் சேர்ந்ததிலிருந்து, இரண்டு வருஷமாக, அவனோடு அப்பா முகம் கொடுத்துப் பேசியதில்லை. அன்று அவனைப் பக்கத்தில் உட்காரவைத்து லேத்தில் என்ன செய்கிறான், எத்தனை நூல் துல்லியம் வரைக்கும் கை நிற்கிறது என்றெல்லாம் கேட்டார். அதற்குப் பிறகு பத்து நாள்கூட அப்பா இருக்கவில்லை. டீச்சரம்மா மட்டும் உண்மையைச் சொல்லாமல் விட்டிருந்தால் அந்தப் பேச்சு நடந்திருக்காது. அதை நான் மறக்க முடியாது. பின்னால் நடந்தவற்றுக்குப் பிறகும் மறக்க முடியாது.

சேகருக்கு அவர் மேல் ஒட்டுதல் வந்தது அதற்குப் பிறகுதான். ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் கூரைச் சூடு தாங்காமல் எல்லோரும் வெளியே நாற்காலி போட்டு உட்காருவோம். அவன் அவரை வம்புக்கு இழுப்பான். அவன் ஹைதராபாதில் பிறந்து வளர்ந்தவன். அவன் தமிழ் பாதி வேறு பாஷைகளாக இருக்கும்.

"அந்த விஷம் குடிச்சவரு, கைக்கு மேடம், எதுக்குக் குடிச்சாரு? ஜெயில்லேர்ந்து தப்பிக்க ஃபிரெண்ட்ஸ் ஏற்பாடு பண்ணிட்டாங்கன்னு நீங்கதான சொன்னீங்க. ஓட வேண்டியதுதானே?"

"சட்டம் எனக்கு சாதகமா இருந்தப்ப ஒத்துக்கிட்டேன், இப்ப பாதகமா இருக்குன்னு ஓடறது நியாயமான்னு கேட்டார்."

"நக்கோ மேடம், ஒத்துக்க மாட்டேன். உயிரோட இருந்தா இன்னும் நாலு கேள்வி கேட்டிருக்கலாம்."

"அதுவும் சரிதான்" என்பார். தோற்றாலும் அவருக்குச் சந்தோஷமாக இருக்கும். வகுப்பில் இருந்த ஆறு பெண்களில் ஒருத்திகூட அப்படித் திருப்பிக் கேட்டதில்லை.

ஜெர்மன்காரர் சொன்ன இன்னொன்று சேகருக்கு ரொம்பப் பிடித்துப்போனது. எந்த மனுஷனையும் வெறும் கருவியாக வைத்துக்கொள்ளாதே, அவனுக்கென்று ஒரு மதிப்பு இருக்கிறது, அதற்கு விலை கிடையாது. இதைக் கேட்டுவிட்டு அவன் நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டான். "எங்க சூப்பர்வைசர் ஸ்பானரைக்கூடத் தொடச்சு வைப்பான் மேடம்" என்றான்.

அப்போது அவர்கள் கம்பெனியில் சங்கம் வைக்க முயன்றுகொண்டிருந்தார்கள். ஒரு பையனின் விரல்கள் பிரஸ் மெஷினில் சிக்கிப் போனதும் அவனை அன்றைக்கே கணக்கு முடித்து அனுப்பிவிட்டார்கள். அதிலிருந்து ஆரம்பித்தது. சேகரைச் செயலாளராகப் போட்டார்கள். வேலைநிறுத்தம் தொடங்கிய அன்று கேட்டுக்கு முன்னால் அவன் தெலுங்கில் பேசினான். "மேமு ஸ்பானர்லம் காது" என்று அவன் கத்த, எல்லோரும் திருப்பிக் கத்தினார்கள். நாங்கள் ஸ்பானர்கள் இல்லை.

நான் ஷிஃப்ட் முடிந்து பஸ் மாறி அங்கே போயிருந்தேன். எதிர்ச் சாரியில் ஒரு டீக்கடை ஓரமாக, குடையைப் பிடித்துக்கொண்டு அவர் நின்றார். அருகில் போனேன். கண்கள் கலங்கியிருந்தன.

"இருநூறு வருஷம் கோபால். எங்கயோ குளிர்ல உக்காந்து எழுதினது, நாச்சாரத்துல வந்து நிக்குது பாருங்க" என்றார்.

அவரை அவ்வளவு சந்தோஷமாக நான் அதற்கு முன்னும் பார்த்ததில்லை, பின்னும் பார்த்ததில்லை.

வேலைநிறுத்தம் இழுத்துக்கொண்டே போனது. கம்பெனிக்காரர்கள் வெளியிலிருந்து ஆட்களைக் கொண்டுவந்தார்கள். வேலை செய்ய ஒரு கூட்டம், அடிக்க ஒரு கூட்டம். ஒருநாள் மத்தியானம் கேட்டில் கைகலப்பாகி, சேகருக்கு உள்ளங்கையில் வெட்டு. அவனைத் தேடிக் கம்பெனி அடியாட்களின் ஜீப் கிளம்பியிருக்கிறது என்று யாரோ சொல்ல, சந்து சந்தாக ஓடி வீட்டுக்கு வந்திருக்கிறான். நான் வேலையில் இருந்தேன். அம்மா ஆஸ்பத்திரிக்கு மாத்திரை வாங்கப் போயிருந்தாள். வீடு பூட்டிக் கிடந்தது. டீச்சரம்மாவுக்கு அன்று கல்லூரி அரை நாள். அவர் கதவைத் தட்டினான்.

இனி நான் சொல்வதெல்லாம் அவர் சொன்னது. அவர் சொன்னதால் அதில் ஒரு வார்த்தைகூடக் கூடக்குறைய இருக்காது.

அவனை உள்ளே விட்டுப் பின்கட்டுச் சமையலறையில் உட்காரவைத்தார். குழாயைத் திறந்து கையைக் காட்டச் சொன்னார். கட்டுப்போடத் துணி எடுக்க முன்னறைக்கு வந்தபோது ஜீப் சத்தம் கேட்டது. நடுக்கதவைச் சாத்திவிட்டு வாசலுக்கு வந்தார். இரண்டு பேர் இறங்கி வந்தார்கள். இன்னும் சிலர் ஜீப்பிலேயே இருந்தார்கள். சேகர் உள்ளே இருக்கிறானா என்று ஒருவன் இந்தியில் கேட்டான். மரியாதையாகத்தான் கேட்டான். 'மேடம்' என்றான்.

"வந்தான். தண்ணி குடிச்சான். போயிட்டான்" என்றார்.

"எந்தப் பக்கம்?"

எங்கள் தெருவுக்கு இரண்டு வழி. இடப்பக்கம் போனால் தார்நாகா பஸ் ஸ்டாப். வலப்பக்கம் போனால் ரயில்வே கேட். தார்நாகா பக்கம் பள்ளிக்கூடம் விட்டுப் பிள்ளைகள் வந்துகொண்டிருந்தார்கள். ரயில்வே கேட்டில் அந்த நேரத்துக்கு கூட்ஸ் வரும், கேட் மூடியிருக்கும், ஜீப் மாட்டிக்கொண்டு நிற்கும், அதற்குள் சேகரை வேறு எங்காவது அனுப்பிவிடலாம் என்று அந்த ஒரு நொடியில் அவருக்குத் தோன்றியது.

"ரயில்வே கேட் பக்கம்" என்றார்.

ஜீப் போன பிறகு நடுக்கதவைத் திறந்தார். சமையலறையில் யாரும் இல்லை. குழாயில் தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது. பின்கதவு திறந்திருந்தது. அவரை இதில் மாட்டிவிடக் கூடாது என்று நினைத்தானோ என்னவோ, ஜீப் சத்தம் கேட்டதுமே சுவர் ஏறிக் குதித்துவிட்டான். சுவருக்கு அந்தப் பக்கம் ரயில்வே நிலம். அதில் ஒற்றையடிப் பாதை கேட்டுக்குத்தான் போகும். கேட் மூடியிருந்தால் ஜீப் தாண்ட முடியாது, தான் தாண்டிவிடலாம் என்று அவனும் கணக்குப் போட்டிருக்க வேண்டும்.

கேட் மூடித்தான் இருந்தது. ஜீப் அங்கே நின்றுகொண்டிருந்தது. அவன் நேராக அவர்கள் முன்னால் போய் நின்றான்.

அவர் செருப்புக்கூடப் போடாமல் ஓடினார். போய்ச் சேர்ந்தபோது ஜீப் இல்லை. கூட்ஸ் வண்டி போய்க்கொண்டிருந்தது. கேட்மேனும் அவரும் சேர்ந்து சேகரை ஆட்டோவில் ஏற்றினார்கள்.

நான் ஆஸ்பத்திரிக்குப் போனபோது அவர் வராந்தாவில் நின்றுகொண்டிருந்தார். புடவை முன்பக்கம் முழுக்க ரத்தம். அம்மா தரையில் உட்கார்ந்திருந்தாள். என்னைப் பார்த்ததும், எங்கள் இருவரையும் முன்னால் வைத்துக்கொண்டு, நடந்ததை முதலிலிருந்து சொன்னார். "கேட் பக்கம் போனான்னு நான்தான் சொன்னேன்" என்பதையும் சொன்னார். அதை அவர் சொல்லாமல் விட்டிருந்தால் எங்களுக்குத் தெரியவே வழியில்லை என்றுதான் அன்று நினைத்தேன்.

அம்மா அவரை நிமிர்ந்து பார்த்தாள். கோபமாகக்கூட இல்லை.

"நீ சும்மா இருந்திருக்கலாமேம்மா. ஒண்ணுமே சொல்லாம சும்மா இருந்திருக்கலாமே."

மறுநாள் மத்தியானம் சேகர் போய்விட்டான். அவனுக்கு இருபத்தாறு வயது.

காரியம் எல்லாம் முடிந்த பிறகு ஒரு சாயங்காலம் அவர் வீட்டு வாசலில் உட்கார்ந்திருந்தார். நான் போய்ப் பக்கத்தில் நின்றேன். நான் கேட்காமலே பேச ஆரம்பித்தார்.

"இதை அவர் எழுதியிருக்கார், கோபால்."

"யாரு?"

"ஜெர்மன்காரர். உன் வீட்டுல ஒருத்தன் ஒளிஞ்சிருக்கான். அவனைக் கொல்ல வர்றவன் வாசல்ல நின்னு கேக்கறான். அப்ப பொய் சொல்லலாமா? கூடாதுன்னு எழுதியிருக்கார். நீ பொய் சொல்லி அனுப்பி, அவன் உனக்குத் தெரியாம வெளிய போய், இவன் கையில மாட்டிட்டா, அந்த சாவுக்கு நீயும் பொறுப்புன்னு எழுதியிருக்கார். அப்படியே எழுதியிருக்கார்."

நான் அவர் பக்கத்தில் உட்கார்ந்தேன்.

"வருஷா வருஷம் இதைப் பாடம் எடுக்கறேன். பிள்ளைங்க சிரிப்பாங்க, என்ன மேடம் இப்படிச் சொல்றாருன்னு. நானும் சிரிப்பேன். பெரியவர் இந்த ஒரு இடத்துல தப்புப் பண்ணிட்டார்னு சொல்லிக்கொடுப்பேன். ஒரு உயிருக்கு முன்னாடி ஒரு பொய் என்ன பெரிசு? அன்னிக்கு வாசல்ல நிக்கும்போதும் இதான் ஞாபகம் வந்துச்சு. நீ தப்பு, நான் சரின்னு அவர்கிட்ட சொல்லிட்டுத்தான் பொய் சொன்னேன்."

"உங்களுக்கு எப்படித் தெரியும் மேடம், அவன் பின்பக்கமாப் போவான்னு?"

"தெரியாது. உள்ளதான் இருக்கான்னு உண்மையைச் சொல்லியிருந்தா, வீட்டுக்குள்ள வந்து தேடியிருப்பாங்க. அந்த நேரத்துல அவன் தண்டவாளத்தைத் தாண்டியிருப்பான்."

"அம்மா சொன்னதை மனசுல வச்சுக்காதீங்க."

"அவங்க சொன்னது சரி. அதை எந்தப் புஸ்தகத்துலயும் யாரும் சொல்லல. சும்மா இருந்தா, உள்ள இருக்கான்னு அர்த்தம் ஆயிடும்னு பயந்துட்டேன்."

வேலைநிறுத்தம் அந்த மாதமே முடிந்தது. மன்னிப்புக் கடிதத்தில் கையெழுத்துப் போட்டவர்களைத் திரும்ப எடுத்துக்கொண்டார்கள். அநேகமாக எல்லோரும் போட்டார்கள். அவர்களைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

வழக்கு கோர்ட்டுக்கு வர ஒரு வருஷத்துக்கு மேல் ஆனது. வாசலுக்கு வந்த இரண்டு பேரைப் போலீஸ் கடைசிவரை பிடிக்கவில்லை. பிடித்திருந்தது சூப்பர்வைசரை மட்டும். ஜீப்பில் முன்சீட்டில் உட்கார்ந்து அவர்களைக் கூட்டிவந்தது அவன்தான் என்று நாச்சாரம் முழுக்கத் தெரியும். சாட்சி சொல்லத்தான் ஆள் இல்லை. கேட்மேன் எதையும் பார்க்கவில்லை என்று எழுதிக்கொடுத்துவிட்டான். மிச்சம் இருந்தது இவர் ஒருவர்தான்.

விசாரணைக்கு முந்தின நாள் எங்கள் தரப்பு வக்கீல் அவரிடம், சூப்பர்வைசரைக் காட்டி, ஜீப்பில் இருந்தது இவர்தானா என்று கேட்பேன், ஆமாம் என்று சொன்னால் போதும் என்றார். அவர் குடையை எடுத்துக்கொண்டு கிளம்பிவிட்டார். சாயங்காலம் டீச்சரம்மா வீட்டுக்குப் போனேன்.

"மேடம், அவன்தான்னு உங்களுக்குத் தெரியுமில்ல?"

"தெரியும்."

"அப்ப நாளைக்குச் சொல்லிடுங்க."

"தெரியும் கோபால். ஆனா பாக்கல. ஜீப்புக்குள்ள ஒரு கைதான் தெரிஞ்சது. வாட்ச் கட்டின கை. கையை வச்சுட்டு மூஞ்சியை எப்படிச் சொல்றது?"

"உங்க ஒரு வார்த்தையிலதான் இருக்கு எல்லாமே."

"அன்னிக்கும் அப்படித்தான் நெனச்சேன்" என்றார். "ஒரு வார்த்தையிலதான் இருக்குன்னு."

நான் அவர் காலில் விழவில்லை, அவ்வளவுதான். அம்மா எங்கள் வீட்டுக்குள்ளிருந்து எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தாள். வெளியே வரவில்லை.

மறுநாள் கூண்டில் நின்று, பார்க்கவில்லை என்றே சொன்னார். எதிர்த்தரப்பு வக்கீலுக்கு அதுவே போதும். இருந்தாலும் விடவில்லை. வாசலுக்கு வந்தவர்களிடம் நீங்கள் சொன்னது பொய்தானே என்று கேட்டார். ஆமாம் என்றார். நல்ல காரியத்துக்காகப் பொய் சொல்லலாம் என்பது உங்கள் கொள்கையா என்றார்.  டீச்சரம்மா கூண்டின் கட்டையைப் பிடித்துக்கொண்டு, "அன்னைக்கு அப்படி நம்பினேன்" என்று ஆங்கிலத்தில் சொன்னார். இப்போது? "தெரியாது" என்றார். யாரோ சிரித்தார்கள்.

போதிய சாட்சியம் இல்லை என்று சூப்பர்வைசரை விட்டுவிட்டார்கள். கோர்ட் வாசலில் அவனுக்கு மாலை போட ஆட்கள் வந்திருந்தார்கள். அவன் எங்களைத் தாண்டிப் போகும்போது அவரைப் பார்த்துக் கைகூப்பினான். நன்றி சொல்வதுபோல.

பொய் சொன்னார், தம்பி செத்தான். உண்மை சொன்னார், கொன்றவன் வீட்டுக்குப் போனான். இதில் எதை வைத்து யாரைக் கோபித்துக்கொள்வது என்று எனக்குத் தெரியவில்லை. ஆனால் கோபம் இருந்தது. அவர் வீட்டைக் கடக்கும்போது முகத்தைத் திருப்பிக்கொண்டு போவேன். அடுத்த மாதம் அவர் மல்காஜ்கிரியில் வீடு பார்த்துக்கொண்டு போய்விட்டார். டெம்போவில் சாமான் ஏற்றும்போது அம்மா வெளியே வந்து நின்றாள். இரண்டு பேரும் ஒன்றும் பேசிக்கொள்ளவில்லை.

பிறகு அவரைப் பற்றிக் காதில் விழுந்ததெல்லாம் துண்டுதுண்டாகத்தான். கல்லூரியில் தத்துவத்துக்கு ஆள் சேராமல் அந்தப் பிரிவையே மூடிவிட்டார்கள். அவரை நூலகத்தில் உட்காரவைத்தார்கள். வீட்டுக்காரரின் பெண் ஒருநாள் அவரை பஸ்ஸில் பார்த்துவிட்டு வந்து, "ஏது கேட்டாலும் தெரியாது தெரியாதுன்னே சொல்றாங்க. பாவம் அனிபிஞ்சிந்தி, பாவமாத் தோணிச்சு" என்று தனக்குத் தெரிந்த தமிழில் சொன்னாள். அவருக்கு மறுபடி வலிப்பு வர ஆரம்பித்துவிட்டது என்றும் கேள்விப்பட்டேன்.

அம்மா இறந்த மறு வருஷம் நான் மல்காஜ்கிரிக்குப் போனேன். எதற்குப் போனேன் என்று இன்றைக்கும் சொல்லத் தெரியாது. விலாசம் விசாரித்துப் போய்ச் சேரச் சாயங்காலமாகிவிட்டது. மாடியில் ஒரே ஒரு அறை. தலை முழுக்க நரைத்திருந்தது. நெற்றியில் விழுந்து அடிபட்ட தழும்பு. என்னை உடனே அடையாளம் கண்டுகொண்டார். புத்தகங்கள் எங்கே என்று கேட்டேன். கல்லூரிக்குக் கொடுத்துவிட்டதாகச் சொன்னார். அவர்கள் அதைப் பழைய பேப்பர்காரனுக்குப் போட்டுவிட்டார்களாம். மழை பெய்கிறது என்பது போலவே சொன்னார்.

அம்மா போனதைச் சொன்னேன். தலையை மட்டும் அசைத்தார். ஸ்டவ்வைப் பற்றவைத்து டீ போட்டார்.  டம்ளரை என் கையில் கொடுத்துவிட்டு எதிரில் உட்கார்ந்தார்.

"ஒண்ணு கேக்கணும் கோபால். இத்தனை வருஷமா கேக்கல. சேகருக்கு நினைவு வந்துச்சா?"

"வந்துச்சு மேடம். காலைல கொஞ்ச நேரம். நான் மட்டும்தான் இருந்தேன்."

"என்னைப் பத்தி ஏதாவது சொன்னானா?"

இதை நான் யாரிடமும் சொன்னதில்லை. அம்மாவிடமும் சொல்லவில்லை. வக்கீலிடமும் சொல்லவில்லை. வேறு யாராக இருந்தாலும் சொல்லியிருக்க மாட்டேன். ஆனால் கேட்பவர் அவர்.

"கேட்டான்" என்றேன். "அடிக்கும்போது அவனுங்க, 'உங்க மேடம்தான் வழி காமிச்சாங்க'ன்னு சொன்னாங்களாம். 'நெஜமாண்ணே?'ன்னு கேட்டான்."

அவர் முந்தானையை இழுத்துப் போர்த்திக்கொண்டார்.

"இல்லடா, உன்னைக் காப்பாத்தத்தான் பொய் சொல்லி அனுப்பினாங்க, நீ உள்ள இருக்கேன்னு நெனச்சுக்கிட்டு சொன்னாங்கன்னு சொன்னேன் மேடம். எல்லாத்தையும் சொன்னேன். அதுக்குள்ள கண்ணை மூடிட்டான்."

"அவன் காதுல விழுந்துச்சா?"

கீழே தெருவில் ஒரு தள்ளுவண்டிக்காரன் கூவிக்கொண்டு போனான். நான் டம்ளரைத் தரையில் வைத்தேன்.

"தெரியல மேடம்."

அவர் எழுந்து ஜன்னல் பக்கம் போனார்.  இருட்டிக்கொண்டு வந்தது. விளக்கைப் போடவில்லை.

"விழுந்துச்சுன்னு சொல்லியிருக்கலாம் நீங்க" என்றார்.